அருவிக்குப் போன வழியில் இரண்டு முறை தலையாட்டினேன்

விழுப்புரம் புறவழிச் சாலையைத் தாண்டியதும் அவர் என் பக்கம் லேசாகச் சாய்ந்து ஏதோ கேட்டார். நான் தலையாட்டினேன்.

அவர் முகம் மலர்ந்தது. சற்று நேரம் சாலையைப் பார்த்துக்கொண்டிருந்தார். கைக்குட்டையை எடுத்து நெற்றியைத் துடைத்துக்கொண்டார். மார்கழிக் காலையில், ஜன்னல் கண்ணாடி இறக்கிவிட்ட காரில், இந்த மனிதருக்கு எதற்கு வியர்க்கிறது என்று நினைத்தேன். பிறகு இன்னொன்று கேட்டார். அதற்கும் தலையாட்டினேன். கூடவே ஒரு சிரிப்பையும் சேர்த்து வைத்தேன்.

வெளியே பனி இன்னும் விலகவில்லை. கரும்பு லாரி ஒன்று எங்களுக்கு முன்னால் ஆடி ஆடிப் போய்க்கொண்டிருந்தது. அதன் வாசனை காருக்குள் நிறைந்திருந்தது. என் மடியில் இட்லிப் பொட்டலத்தின் சூடு. நான் நன்றாகத்தான் இருந்தேன்.

அந்த இரண்டு தலையாட்டலில் எதற்கெல்லாம் சம்மதம் சொல்லியிருக்கிறேன் என்பது எனக்குத் தெரிய இன்னும் ஒரு மணி நேரம் இருந்தது.

பஜ்ஜி வேண்டாம், அருவி போதும்

போன வாரம் இதே பத்தியில் என் தபால் நிலையத்து மரப்பெட்டிக்குள் அணில் குடித்தனம் நடத்திய கதையைச் சொன்னேன். 'உங்களைப் பற்றி எப்போது சொல்லப் போகிறீர்கள்?' என்று ஒரு வாசகி கேட்டிருந்தார். இதோ சொல்கிறேன்.

ஒலக்கூர் பக்கத்துக் கிராமம் ஒன்றின் தபால் நிலையத்தில் இருபது வருடத்துக்கும் மேலாக வேலை பார்க்கிறேன். வீடு திண்டிவனத்தில். என் கணவர் மஞ்சள் காமாலையில் போய்ச் சேர்ந்தபோது மகள் நிவேதா எட்டாம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தாள். இப்போது சென்னையில் வேலைக்குப் போகிறாள். சனிக்கிழமை சாயங்காலம் வருவாள், ஞாயிறு சாயங்காலம் போய்விடுவாள். மீதி நாட்களில் அப்போதெல்லாம் நானும் தொலைக்காட்சியும்.

தபால் நிலையத்துக்கு அடிக்கடி வருகிறவர் பச்சையம்மா. கொழுத்த உடம்பு, முட்டி வலி, ஓயாத வாய். ஒருநாள் பணம் எடுக்கக் கைரேகை வைக்க வந்தவர், விரலைக் கருவியிலிருந்து எடுக்காமலேயே கேட்டார்.

"மல்லிகா, எந்தம்பி தயாளன் விழுப்புரத்தாண்ட அனந்தபுரத்துல கீறான். பொஞ்சாதி செத்துப்பூட்டா. புள்ள ஓசூர்ல கம்பெனி வேலை. ஒண்டியா பொங்கித் தின்னுக்கினு கெடக்கறான். நீயும் ஒண்டிதானே?"

"விரலை எடுங்க அக்கா, பதிவு ஆயிடுச்சி" என்றேன்.

ஆனால் அன்று இரவு அதை நிவேதாவிடம் தொலைபேசியில் சொல்லிவிட்டேன். சிரிப்பாள் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. "பாக்கறதுல என்னம்மா தப்பு?" என்றாள்.

எனக்குப் பெண் பார்க்கும் சடங்கு என்றாலே ஆகாது. இளவயதில் ஐந்து குடும்பங்கள் முன்னால் பஜ்ஜித் தட்டோடு நின்றவள் நான். ஐம்பதை நெருங்கும் வயதில் இன்னொரு முறை முடியாது. பச்சையம்மாவுக்கோ வேறு கவலை. "மார்கழில பொண்ணு பாக்கக் கூடாதே."

நிவேதாதான் வழி சொன்னாள். "பொண்ணு பாக்கத்தானே கூடாது? ஊர் சுத்தலாமில்ல? கல்வராயன் மலை அருவில இப்போ நல்லா தண்ணி கொட்டுது. ஒரு வண்டி எடுத்துக்கலாம். நாம நாலு பேரு. வழியில கோயில். ஒரு நாள் பூரா கூட இருந்தா ஆளைத் தெரிஞ்சிடும்."

அப்படித்தான் ஒரு ஞாயிற்றுக்கிழமை விடியலில் ஏழு இருக்கை வண்டியொன்று எங்கள் தெருமுனையில் வந்து நின்றது.

மயிலம் மலையில் ஒரு மௌனம்

முந்தின நாளே அக்கா வீட்டுக்கு வந்து தங்கிவிட்ட தயாளன், முன் இருக்கையிலிருந்து இறங்கி வணக்கம் சொன்னார். ஒல்லியான, உயரமான மனிதர். வெள்ளைச் சட்டை, வெள்ளை வேட்டி. தலைமுடி மட்டும் மை ஊற்றியதுபோல் அப்படியொரு கறுப்பு. ஐம்பத்து நாலு வயது என்றார்களே, பரவாயில்லையே என்று நினைத்துக்கொண்டேன். என் நரையை முந்தானையால் மூடிக்கொள்ளலாமா என்றுகூடத் தோன்றியது.

மயிலத்தில் முதல் நிறுத்தம். மலை மேல் முருகன் சன்னதியில் மார்கழிப் பூசை முடிந்து வெண்பொங்கல் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். தொன்னையின் சூடு விரல்களுக்கு இதமாக இருந்தது. பிராகாரத்தில் நின்று நால்வரும் சாப்பிட்டோம். கீழே ஏரியும் வயலும் பனிக்குள் கிடந்தன. தயாளன் ஒன்றுமே பேசவில்லை. மிளகை மட்டும் ஒவ்வொன்றாக எடுத்து ஓரமாக வைத்தார்.

"மொளவு புடிக்காதா?" என்று கேட்டேன்.

"புடிக்கும்ங்க. கடைசில மொத்தமா தின்னுவேன்" என்றார்.

அதுதான் எங்கள் முதல் உரையாடல்.

கீழே வந்து வண்டியில் ஏறும்போதுதான் வினை. நான் இடது பக்க ஜன்னலோரம் உட்காரத் திட்டம் போட்டிருந்தேன். பச்சையம்மா விடவில்லை.

"நிவேதா, உனக்குக் கொமட்டும், முன்னால குந்து. எனக்குக் காலை நீட்டணும், நான் பின்னாடி. மல்லிகா, நீ அந்தாண்ட ஏறு. தயாளா, நீ இந்தாண்ட. ஜல்தி ஏறுங்க, மலைக்குப் போவ வேணாமா?"

வலது பக்கக் கதவைத் திறந்து என்னை உள்ளே தள்ளினார். தயாளன் என் இடது பக்கம் வந்து உட்கார்ந்தார்.

என் இடது காது கேட்காது.

அப்பா மறைத்த காது

இதை நான் எங்கும் எழுதியதில்லை. ஏழு வயதில் வந்த காய்ச்சலில் அந்தக் காது போனது. பஜ்ஜித் தட்டோடு நான் யார் முன்னால் நின்றேனோ, அந்த ஐந்து குடும்பங்களில் நான்கு குடும்பம் இதைத் தெரிந்துகொண்டு எழுந்து போனவர்கள். ஐந்தாவது குடும்பத்திடம் அப்பா சொல்லவே இல்லை.

கல்யாணமாகி மூன்றாம் நாள் என் கணவர் கண்டுபிடித்தார். இடது பக்கம் படுத்துக்கொண்டு ஏதோ கதை சொல்லியிருக்கிறார். நான் "ம்" கொட்டவில்லை. எட்டிப் பார்த்தால் நான் விழித்துக்கொண்டுதான் இருக்கிறேன். மறுநாளிலிருந்து தெருவில் நடந்தாலும் சினிமாவுக்குப் போனாலும் சத்தமில்லாமல் என் வலது பக்கம் வந்துவிடுவார். ஒரு வார்த்தை கேட்டதில்லை.

மாமியாருக்கு ஒரு வருடம் கழித்துத் தெரிந்தது. சாகும்வரை என்னைச் 'செவிட்டச்சி' என்றுதான் கூப்பிட்டார். அந்த வார்த்தை என் கேட்காத காதில் விழுந்தாலும் எனக்குக் கேட்கும்.

தபால் நிலையத்தில் ஜன்னல் என் வலது கைப்பக்கம் வருகிற மாதிரி நாற்காலியைப் போட்டுக்கொண்டேன். இருபது வருடத்தில் அந்த ஊரில் ஒருவருக்கும் தெரியாது. அன்றுவரை பச்சையம்மாவுக்கும் தெரியாது.

ஆக, அன்று காரில் வலது காதில் காற்று, முன்னால் ஓட்டுநர் போட்ட பாட்டு, இடது பக்கம் தயாளனின் மெல்லிய குரல். "கேக்கல, திரும்பச் சொல்லுங்க" என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். இருபத்தைந்து வருடப் பயம் விடவில்லை. தலையாட்டினேன்.

திருநறுங்கொண்டையில் பூத்த மல்லிகை

உளுந்தூர்ப்பேட்டைக்கு அப்பால் திருநறுங்கொண்டை என்ற ஊரில் பாறைக் குன்றின் மேல் பழைய சமணக் கோயில் இருக்கிறது. அங்கே போக வேண்டும் என்றது தயாளன்தான். அவருடைய பக்கத்து நிலத்துக்காரர்கள் சமணர்கள், நயினார் குடும்பம். போக முடியாத அளவுக்கு அந்த வீட்டுப் பெரியவருக்கு உடம்பு தளர்ந்துவிட்டதாம். புது நெல் அரிசியை ஒரு மஞ்சள் பையில் கட்டி, கோயிலில் சேர்க்கச் சொல்லி இவரிடம் கொடுத்திருந்தார்.

பாறையில் வெட்டிய படிகளில் அந்தப் பையை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு ஏறினார். கோயிலுக்குள் கல்லில் செதுக்கிய தீர்த்தங்கரர், தலைக்கு மேல் நாகம் குடை பிடிக்க நின்றிருந்தார். எத்தனை நூறு வருடமாகவோ அப்படியே நிற்கிறார். உள்ளே கல்லின் குளிர்ச்சி பாதத்தில் ஏறியது. அரிசியைக் கொடுத்துவிட்டு, பெரியவர் பெயரை அர்ச்சகரிடம் மூன்று முறை தெளிவாகச் சொன்னார் தயாளன். பிறகு பெரியவருக்குப் போன் போட்டு, "சேத்துட்டேன் ஐயா. உங்க பேரைச் சொல்லிட்டேன்" என்றார்.

அந்த நிமிடம் இவரை எனக்குப் பிடித்தது. அதை மறைக்க வேண்டியதில்லை.

படியிறங்கி வந்தால், கீழேயே உட்கார்ந்துவிட்ட பச்சையம்மா கையில் இரண்டு முழம் மல்லிகைப் பூவோடு காத்திருந்தார். என் தலையில் வைக்க வந்தார். பின்வாங்கினேன்.

"இன்னாத்துக்கு வெக்கம்? வண்டிய வுட்டு எறங்கனதுமே தம்பி எல்லாம் சொல்லிட்டான். தை மாசமே வச்சிக்கலாம்னியாமே! வேலையையும் வுட்டுட்டு அனந்தபுரத்துக்கே வந்துடறேன்னியாமே! மயிலம் முருகன் கண்ணைத் தொறந்துட்டான். மூணு பேருக்குப் போன் போட்டுட்டேன்."

காரில் தயாளன் கேட்ட இரண்டு கேள்வி அவையா?

நிவேதா என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். "வேலைய விடறியாம்மா? எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லல?"

அந்த வேலையில்தான் அவளை வளர்த்தேன். கணவரின் பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் நான் திரும்பப் போய் உட்கார்ந்த இடம் அந்த நாற்காலி. அதை விட்டுவிடுவதாக, கரும்பு லாரியைப் பார்த்துக்கொண்டே தலையாட்டியிருக்கிறேன்.

சொல்ல வாய் திறந்தேன். ஓட்டுநர் ஆரனை அடித்தார். "பேசறதை வண்டில பேசுங்கம்மா. மலை ஏற லேட்டாயிடும்."

எல்லோரும் ஏறினோம், அதே இடத்தில். வண்டிக்குள் எல்லோர் காதிலும் விழும்படி என் காதைப் பற்றிச் சொல்ல மனம் வரவில்லை. தயாளன் சந்தோஷமாகத் தெரியவில்லை என்பதை அப்போது கவனித்தேன். முகத்தில் ஏதோ குழப்பம். நிவேதா முன்னால் திரும்பாமல் உட்கார்ந்திருந்தாள். கச்சிராயபாளையம் தாண்டி வளைவுகள் ஆரம்பித்தன. மலைக்காற்றில் ஈரமண் வாசனை வந்தது. வேறு நாளாக இருந்தால் எத்தனை ரசித்திருப்பேன்!

கறுப்புத் தண்ணீர்

வண்டி நின்ற இடத்திலிருந்தே அருவியின் சத்தம் வந்தது. மழைக்காலம் நன்றாகப் பெய்து ஓய்ந்திருந்ததால், பாறையை மறைத்துக்கொண்டு வெள்ளையாகக் கொட்டியது. ஐந்தாறு குடும்பங்கள் குளித்துக்கொண்டிருந்தன. இரைச்சலில் யார் பேசுவதும் யாருக்கும் கேட்கவில்லை. எல்லோரும் கையை ஆட்டி, வாயைக் கோணி, ஜாடையில் பேசிக்கொண்டார்கள். உலகத்தில் நான் எல்லோருக்கும் சமமாக இருக்கிற ஒரே இடம் இதுதான் போலிருக்கிறது என்று நினைத்து, அந்தத் துக்கத்திலும் சிரிப்பு வந்தது.

தயாளன் வெள்ளைப் பனியனும் வேட்டியுமாக அருவிக்குள் போனார். தலையைக் கொடுத்தார். கண்ணை மூடி, கைகூப்பி, அசையாமல் நின்றார்.

முதலில் நிவேதாதான் பார்த்தாள். என் கையைப் பிடித்து இழுத்தாள்.

அவர் நெற்றியிலிருந்து கறுப்பாக ஒரு கோடு இறங்கியது. பிறகு இரண்டு. பிறகு நாலாபுறமும். காது வழியாக, கழுத்து வழியாக, பனியன் முழுக்க மை கொட்டியதுபோல் ஓடியது. அவருக்கு ஒன்றும் தெரியவில்லை. பக்கத்தில் குளித்தவர்கள் விலகி நின்று பார்த்தார்கள். ஒரு குழந்தை விரலை நீட்டி வீறிட்டது.

"ஐயய்யோ!" என்று பச்சையம்மா நெஞ்சில் அடித்துக்கொண்டது சத்தத்தை மீறி எனக்கே கேட்டது. "காலைல நாலு மணிக்கு நாந்தான் சாயம் பூசினேன். வண்டி வந்துடுமேன்னு சரியா அலசலியே!"

தயாளன் கண்ணைத் திறந்தார். பனியனைப் பார்த்தார். எங்களைப் பார்த்தார். மெதுவாக வெளியே வந்தார். தலை பாதி வெளுத்து, பாதி கறுத்து, முகம் முழுக்கக் கோடு கோடாக. நிவேதா போனை நீட்டி அவர் முகத்தை அவருக்கே காட்டினாள். ஒரு நிமிடம் உற்றுப் பார்த்தவர், தண்ணீர் தெறிக்கத் தலையை உதறிக்கொண்டு பெரிதாகச் சிரித்தார்.

பிறகு துண்டை எடுத்துக்கொண்டு, சத்தம் குறைவான மேட்டுக்கு என்னைக் கையசைத்துக் கூப்பிட்டார். நான் போனேன். அவருக்கு இடது பக்கமாகப் போய், என் வலது காது அவர் பக்கம் வருகிற மாதிரி நின்றேன்.

"மன்னிச்சிக்கோங்க. எனக்குத் தலை பூரா வெள்ளைதாங்க. அக்கா சொல்லிச்சேன்னு பூசிக்கினேன். காலைலேர்ந்து பேஜாராவே இருந்துது, உங்களை ஏமாத்தறோமேன்னு. இப்போ பாருங்க, சாமியே கழுவி வுட்டுட்டாரு."

அத்தனை பேர் முன்னால் அவமானப்பட்டுவிட்டு அப்படிச் சிரிக்கிற ஆளிடம் எதைச் சொல்ல முடியாது?

"எனக்கு இடது காது கேக்காதுங்க" என்றேன். "சின்ன வயசுலேர்ந்தே. காருல நீங்க சொன்னது ஒண்ணுமே எனக்குக் கேக்கல."

துண்டு அவர் தலையிலேயே நின்றது. "ஒண்ணுமேவா?"

"ஒண்ணுமே."

"அப்போ தை மாசம்னு கேட்டது?"

"கேக்கல."

"வேலைய வுட்டுடுவீங்களான்னது?"

"அதுவும்தான். வேலைய நான் விட மாட்டேங்க. அது மட்டும் முடியாது."

அவர் அப்படியே பாறையில் உட்கார்ந்துவிட்டார். கோபம் என்று நினைத்தேன். தோள் குலுங்கியது. சிரித்துக்கொண்டிருந்தார்.

"அப்பாடா! அக்கா கேக்கச் சொல்லிச்சின்னுதாங்க கேட்டேன். நீங்க படக்குனு தலையாட்டனதும் எனக்கே பக்குனு ஆயிடுச்சி. இருவது வருஷமா பாத்த வேலைய ஒரு நிமிஷத்துல வுடறாங்களே, நாளைக்கு என்னையும் இப்படித்தான் வுட்டுடுவாங்களோன்னு பயந்துக்கினே வந்தேன்."

எனக்கும் சிரிப்பு வந்தது. நின்றுகொண்டிருக்க முடியவில்லை. நானும் உட்கார்ந்துவிட்டேன். நிவேதா ஓடி வந்தாள். விஷயத்தைச் சொன்னதும் என் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். "காதைப் பத்தி இவர்கிட்ட முன்னாடியே சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே! காலைலேர்ந்து எனக்கு உயிரே போச்சு."

பாவம் பச்சையம்மாதான். மேட்டில் நின்று மூன்று பேருக்கும் திரும்பப் போன் போட்டார். "இல்லடி, இன்னும் ஒண்ணும் ஆவல... அது தலையாட்டனது வேற... உனக்குச் சொன்னா புரியாது, வை போனை."

பிறகு என்னிடம் வந்து முறைத்தார். 'செவிட்டச்சி' வரப்போகிறது என்று உடம்பை இறுக்கிக்கொண்டேன்.

"எந்தக் காது?" என்றார்.

"இடதுங்க அக்கா."

"முன்னயே சொல்லியிருந்தா அந்தாண்ட குந்த வச்சிருப்பேனே. வா, மரவள்ளிக் கெழங்கு வேவ வச்சி விக்கறாங்க. சூடா கீது."

விழுப்புரத்துக்கு அருகே ஒரு தேநீர்

இறங்கும்போது இடம் மாறி உட்கார்ந்தோம். அவர் என் வலது பக்கம். ஆனால் இருவருக்கும் பேச ஒன்றும் கிடைக்கவில்லை. கல்யாணப் பேச்சை யார் எடுப்பது என்ற கூச்சம். பச்சையம்மா பின்னால் குறட்டை விட்டார். வெயில் சாய்ந்து, எங்கள் பக்கத்தில் மல்லாட்டை என்கிற வேர்க்கடலைக் கொல்லைகளின் மேல் மஞ்சளாகக் கிடந்தது.

விழுப்புரத்துக்கு முன்னால் ஒரு தேநீர்க் கடையில் நிறுத்தினார்கள். கண்ணாடி டம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றோம். அவர் காது மடலில் இன்னும் கொஞ்சம் கறுப்பு ஒட்டியிருந்தது.

"உங்க வீட்டுக்காரம்மா பேரு என்ன?" என்று கேட்டேன்.

அவர் டம்ளரைக் கீழே வைத்துவிட்டார். "நாலு வருஷமா அவ பேரை யாரும் கேட்டதில்லைங்க. செத்துப்போனவள்னு மட்டும்தான் சொல்வாங்க." டம்ளரை மறுபடி கையில் எடுத்துக்கொண்டு சொன்னார். "வசந்தா."

அங்கிருந்து திண்டிவனம் வரைக்கும் வசந்தாதான். வசந்தாவுக்குத் தோசை வட்டமாக வராது. சினிமாவுக்குக் கூட்டிப்போனால் பெயர் போட்டு முடிவதற்குள் தூங்கிவிடுவாள். மாட்டோடு சண்டை போட்டால் இரண்டு நாள் அதனோடு பேச மாட்டாள். கடைசியாக ஆஸ்பத்திரியில், 'நாளைக்குக் கொல்லைக்குத் தண்ணி பாய்ச்ச மறந்துடாத' என்றாளாம். அவர் சொல்லிக்கொண்டே வந்தார். நான் ஒரு வார்த்தை விடாமல் கேட்டுக்கொண்டே வந்தேன். பிறகு என் கணவர் பெயரை அவர் கேட்டார். கல்யாணமான நாளிலிருந்து வாயால் சொன்னதில்லை, அன்று சொன்னேன். "குணசேகரன்." முன் இருக்கையில் நிவேதா சட்டென்று திரும்பிப் பார்த்தாள்.

திண்டிவனத்தில் இறங்கும்போது அவரிடம், "அடுத்த ஞாயித்துக்கிழமை நான் அனந்தபுரம் வர்றேன். அவங்க போட்டோவைப் பாக்கணும்" என்றேன்.

தை மாதம் ஒன்றும் நடக்கவில்லை. நாங்கள் அவசரப்படவில்லை. வைகாசியில் பதிவு அலுவலகத்தில் கையெழுத்துப் போட்டோம். வார நாட்களில் எனக்குத் தபால் நிலையமும் திண்டிவனமும். ஞாயிற்றுக்கிழமை நிவேதாவோடு அனந்தபுரம். கொல்லையில் வேலை இல்லாத நாட்களில் அவர் இங்கே வந்துவிடுவார். அவர் தலை இப்போது முழுக்க வெள்ளை. அழகாகத்தான் இருக்கிறது.

கல்யாணமான வாரம், மறைந்த என் கணவரின் படத்தைத் துணியில் சுற்றி அனந்தபுரம் எடுத்துப் போனேன். எங்கே மாட்டுவது என்று தயக்கத்தோடு நின்றேன். தயாளன் சுத்தியலும் ஆணியும் கொண்டுவந்தார். கூடத்துச் சுவரின் நடுவில் வசந்தாவின் படம் இருந்தது. பக்கத்தில் இடம் போதவில்லை. அந்தப் படத்தை மெல்லக் கழற்றி, கண்ணாடியை வேட்டி நுனியால் துடைத்தார்.

"வசந்தா, கொஞ்சம் நவுந்துக்கோ" என்றார். "குணசேகரன் சார் வந்துருக்காரு."